புத்தகப் பட்டியலும் பெற்றோரின் பாரமும்



பிழைப்பின் நிமித்தம் கொல்கத்தாவில் குடியேறிய நம் குடும்பங்களில் ஒரு பிள்ளை கல்லூரியில் சேரும் நாளில் மகிழ்ச்சியோடு பாரமும் வீட்டுக்குள் வருகிறது. கட்டணத்தை எப்படியோ செலுத்திவிடுகிறோம். பின்னால் வரும் புத்தகப் பட்டியலோ நம்மைத் திகைக்கப்பண்ணுகிறது. அப்பொழுது மலிவான திருட்டுப் பதிப்பை நோக்கிக் கை நீளுகிறது. அதற்கு அவசியமே இல்லை.

முதலில் காலேஜ் ஸ்ட்ரீட்டுக்குச் செல்லுங்கள். வங்காளிகள் அதைப் 'பொய் பாடா' என்பார்கள். 'பொய்' என்றால் அவர்கள் மொழியில் புத்தகம். நம் காதுக்குத்தான் விபரீதமாய்த் தொனிக்கிறது! மகாத்மா காந்தி சாலை மெட்ரோ நிலையத்திலிருந்து நடந்தே போகலாம். பழைய நூலை வாங்குவதும் விற்பதும் சட்டப்படி சரியானதே. முந்திய பதிப்பானால், எந்த அதிகாரங்கள் மாறியுள்ளன என்று ஆசிரியரிடம் கேட்டறியுங்கள். கணிதம் போன்ற பாடங்களில் மாற்றம் சொற்பமே. சட்டமும் வருமான வரியும் படிக்கிற பிள்ளைக்கு மாத்திரம் பழையதை வாங்கிக் கொடாதிருங்கள். 'இந்தியத் துணைக்கண்டத்தில் மட்டும் விற்பனைக்கு' என்று அச்சிட்ட வெளிநாட்டு நூலைக் கண்டு சந்தேகப்பட வேண்டாம். அது பதிப்பகத்தாரே நம் நாட்டுக்கென்று குறைந்த விலையில் வெளியிடுவது.

நகலெடுப்பது குற்றமா என்று பலர் வினவுகிறார்கள். டெல்லிப் பல்கலைக்கழக வளாகத்து நகலகம் ஒன்றின்மேல் ஆக்ஸ்போர்டு, கேம்பிரிட்ஜ் முதலிய பதிப்பகங்கள் 2012இல் வழக்குத் தொடுத்தன. பாடத்திட்டத்துக்குரிய பகுதிகளைத் தொகுத்து நகலெடுப்பது பதிப்புரிமைச் சட்டத்தின் 52ஆம் பிரிவுக்கு உட்பட்டதே என்று 2016 செப்டம்பரில் டெல்லி உயர்நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மேல்முறையீட்டில், கற்பித்தலுக்குத் தேவையான அளவே நகலெடுக்கலாம் என்று அளவுகோல் வைக்கப்பட்டது. முழு நூலையும் திருட்டுத்தனமாய் அச்சிட்டு விற்பவனுக்கு இத்தீர்ப்பு அடைக்கலமாகாது.

கைப்பேசி உள்ள வீட்டில் இன்னொரு வாசலும் திறந்திருக்கிறது. நம் மாநிலத்துக் கரக்பூர் ஐ.ஐ.டி. உருவாக்கிய இந்தியத் தேசிய மின்னணு நூலகம் 2018இல் நாட்டுக்கு அர்ப்பணிக்கப்பட்டது. பதிவு செய்யக் கட்டணமில்லை. பள்ளிப் பிள்ளைகளுக்கோ, என்.சி.இ.ஆர்.டி. தன் பாடநூல்கள் யாவையும் இணையத்தில் இலவசமாகவே தருகிறது.

இருந்து வாசிக்க இடமில்லாத சிறு வீடானால், அலிப்பூர் பெல்வெடேர் வளாகத்துத் தேசிய நூலகத்தை நினைவில் வையுங்கள். 1953 முதல் பொதுமக்களுக்குத் திறந்திருக்கும் அந்நூலகத்தில் தமிழ் நூல்களும் உண்டு.

காலேஜ் ஸ்ட்ரீட்டில் ஞாயிறன்று பெரும்பாலான கடைகள் மூடியிருக்கும். ஆகையால் வாரநாளொன்றில், பட்டியலைக் கையில் எடுத்துக்கொண்டு, பிள்ளையையும் கூட அழைத்துச் செல்லுங்கள்.