விமானத்தில் கைப்பை 7 கிலோ தான்! முதல் முறை பறப்பவர்களே, வீட்டிலேயே எடை போடுங்க

திருச்சி விமான நிலையத்தில் ராத்திரி நேர வெளிநாட்டு விமானங்களுக்கு கூட்டம் சேரும்போது ஒரு காட்சியை அடிக்கடி பார்க்கலாம். கவுண்டருக்கு பக்கத்தில் தரையில் உட்கார்ந்து ஒருத்தர் பையை பிரித்து கொட்டிக் கொண்டிருப்பார். சட்டை, லுங்கி, அம்மா கொடுத்து விட்ட பருப்புப் பொடி, முறுக்கு எல்லாம் வெளியே கிடக்கும். "ரெண்டு கிலோ தானே சார், விட்டுடுங்க" என்று கெஞ்சுவார். கவுண்டரில் இருப்பவர் மெஷினை காட்டுவார். அதில் 9 கிலோ என்று இருக்கும்.

பிறகு இரண்டே வழி தான். ஒன்று பணம் கட்ட வேண்டும், இல்லை என்றால் பொருளை விட்டுவிட்டு போக வேண்டும். கடன் வாங்கி டிக்கெட் எடுத்து முதல் முறையாக வேலைக்கு போகிறவருக்கு இரண்டுமே கஷ்டம். கொஞ்சம் விவரம் தெரிந்தால் இந்த சிக்கலே வராது.

எது கைப்பை?

விமானத்துக்கு இரண்டு வகை லக்கேஜ் உண்டு. கவுண்டரில் கொடுத்து அனுப்பும் பெரிய பெட்டி செக்-இன் லக்கேஜ். அது விமானத்தின் அடிவயிற்றில் போகும். நாமே தூக்கிக் கொண்டு உள்ளே போய் தலைக்கு மேல் இருக்கும் அலமாரியில் வைப்பது கைப்பை. இதை கேபின் பேக், ஹேண்ட் பேக் என்றும் சொல்வார்கள்.

இரண்டுக்கும் கணக்கு தனித்தனி. 'பெரிய பெட்டியில் 3 கிலோ மிச்சம் இருக்கே, கைப்பையில் 3 கிலோ கூட இருந்தா என்ன' என்று கேட்டால் எடுபடாது. கூடுதலாக உள்ள பொருளை பெட்டிக்கு மாற்றினால் தான் விடுவார்கள்.

7 கிலோவில் பையும் சேர்த்தி

சாதாரண வகுப்பு டிக்கெட்டுக்கு இண்டிகோ, ஏர் இந்தியா, ஸ்பைஸ்ஜெட், சிங்கப்பூர் ஏர்லைன்ஸ், எமிரேட்ஸ், ஸ்ரீலங்கன் என்று பல கம்பெனிகளும் கைப்பைக்கு 7 கிலோ தான் தருகின்றன. பலரும் ஏமாறுவது இங்கே தான். 7 கிலோ என்பது உள்ளே இருக்கும் பொருளின் எடை மட்டும் இல்லை, பையின் எடையும் சேர்த்தி.

சக்கரம் வைத்த சின்ன டிராலி சூட்கேஸ் காலியாகவே இரண்டரை முதல் 3 கிலோ வரும். மிச்சம் இருப்பது 4 கிலோ தான். லேப்டாப்பும் சார்ஜரும் வைத்தால் அதில் 2 கிலோ காலி. தோளில் மாட்டும் துணிப்பை அரை கிலோ, முக்கால் கிலோ தான் வரும். அதனால் சாமான் அதிகம் கொண்டு போக நினைப்பவர்கள் டிராலியை விட தோள்பை எடுப்பது லாபம்.

நீளம், அகலம் எவ்வளவு?

பெரும்பாலான கம்பெனிகள் சொல்லும் அளவு 55 செ.மீ. உயரம், 35 செ.மீ. அகலம், 25 செ.மீ. கனம். மூன்றையும் கூட்டினால் 115 செ.மீ. டெய்லர் டேப்பில் பார்த்தால் சுமார் இருபத்தொன்றரை அங்குலம், 14 அங்குலம், 10 அங்குலம். உயரம் ஒரு முழத்துக்கு கொஞ்சம் கூட என்று வைத்துக் கொள்ளுங்கள்.

சக்கரம், கைப்பிடி, வெளியே துருத்தும் பாக்கெட் எல்லாமே இந்த அளவுக்குள் வர வேண்டும். கடையில் 20 அங்குல டிராலி வாங்கினால் பொதுவாக பிரச்சினை இல்லை. 24 அங்குலம் வாங்கினால் அது கைப்பை ஆகாது. எடை குறைவாக இருந்தாலும் உள்ளே விட மாட்டார்கள். கவுண்டர் பக்கத்தில் கம்பிக் கூண்டு மாதிரி ஒன்று வைத்திருப்பார்கள். பை அதற்குள் இறங்கினால் சரி, இறங்காவிட்டால் செக்-இன் தான்.

ஒரு ஆளுக்கு ஒரு பை

இந்திய விமான நிலையங்களில் ஒரு பயணிக்கு ஒரே ஒரு கைப்பை என்பது விமானப் போக்குவரத்து பாதுகாப்பு அமைப்பின் உத்தரவு. 2000-ம் ஆண்டிலேயே வந்தது. 2022 ஜனவரியில் இதை கண்டிப்பாக அமல்படுத்த சொன்னார்கள். ஆளுக்கு இரண்டு மூன்று பை கொண்டு வந்தால் எக்ஸ்ரே மெஷினில் நெரிசலாகி வரிசை நீண்டு விடுகிறது என்பது காரணம்.

பெண்கள் கைப்பை, லேப்டாப், குடை, சால்வை, குழந்தைக்கு வழியில் தேவைப்படும் பால், கைத்தடி போன்றவற்றுக்கு விலக்கு உண்டு. இரண்டு கட்டைப் பையில் முறுக்கும் மிக்சரும் வைத்துக் கொண்டு 'இது சின்னது தானே' என்று சொன்னால் அது இரண்டாவது, மூன்றாவது பை கணக்கில் வந்து விடும்.

கம்பெனிக்கு கம்பெனி மாறும்

இண்டிகோவில் 7 கிலோ பையுடன், 3 கிலோ வரை லேப்டாப் பை அல்லது பெண்கள் கைப்பை ஒன்று தனியாக எடுத்துக் கொள்ளலாம். ஏர் ஏஷியாவில் அப்படி இல்லை. பையும் சின்னப் பையும் சேர்த்தே 7 கிலோ. ஸ்கூட், ஏர் அரேபியாவில் இரண்டும் சேர்த்து 10 கிலோ.

போகும்போது 10 கிலோ விட்டார்களே என்று, வரும்போது வேறு கம்பெனி விமானத்தில் 10 கிலோவோடு வந்து மாட்டிக் கொள்கிறவர்கள் உண்டு. நடுவில் விமானம் மாறிப் போகிறவர்கள், இரண்டில் எது குறைவோ அந்த கணக்குக்கு பையை கட்டுவது நல்லது. விதிகளை கம்பெனிகள் அவ்வப்போது மாற்றும். உங்க டிக்கெட்டிலேயே 'கேபின்' என்று போட்டு எத்தனை கிலோ என்று இருக்கும். ஏஜென்ட் வாயால் சொன்னதை நம்பாமல் டிக்கெட்டில் உள்ளதை பாருங்கள்.

ஏன் இந்த கெடுபிடி?

180 சீட் விமானத்தில் ஆளுக்கு 3 கிலோ கூடுதலாக கொண்டு வந்தால் மொத்தம் 540 கிலோ ஏறும். பைலட் எவ்வளவு எரிபொருள், எவ்வளவு வேகத்தில் மேலே எழும்ப வேண்டும் என்று எடையை வைத்து தான் கணக்கு போடுகிறார். தலைக்கு மேல் உள்ள அலமாரிக்கும் இவ்வளவு தான் தாங்கும் என்ற அளவு உண்டு. விமானம் குலுங்கும்போது கனமான பெட்டி கீழே விழுந்தால் உட்கார்ந்திருப்பவர் மண்டை உடையும்.

இன்னொரு பக்கம், கூடுதல் எடைக்கு வாங்கும் காசு கம்பெனிகளுக்கு நல்ல வருமானம் என்பதும் உண்மை தான். விமான நிலையத்தில் கிலோவுக்கு பல நூறு ரூபாய் கேட்பார்கள். முன்கூட்டியே ஆன்லைனில் செக்-இன் எடையை கூட்டி வாங்கினால் அதை விட குறைவாகவே வரும். கூடுதல் சாமான் கட்டாயம் என்றால் முன்னாடியே வாங்குங்கள்.

கைப்பையில் இருந்தே ஆக வேண்டியவை

பாஸ்போர்ட், விசா, வேலை ஒப்பந்தம், சர்ட்டிபிகேட், பணம், நகை, தினசரி சாப்பிடும் மாத்திரை, டாக்டர் சீட்டு ஆகியவை கண்டிப்பாக கையில் இருக்க வேண்டும். பெரிய பெட்டி ஒரு நாள் தாமதமாக வந்தாலும் சர்க்கரை, பிரஷர் மாத்திரை இல்லாமல் தவிக்க கூடாது.

பவர் பேங்க் கைப்பையில் தான் இருக்க வேண்டும். பெரிய பெட்டியில் வைக்கவே கூடாது. அடியில் தீப்பிடித்தால் யாருக்கும் தெரியாது, அணைக்கவும் ஆள் இல்லை. 2025 ஜனவரி 28-ந்தேதி தென்கொரியாவில் பூசன் விமான நிலையத்தில் புறப்பட இருந்த ஏர் பூசன் விமானம் தீப்பிடித்தது. 176 பேரும் உயிர் தப்பினார்கள். பயணிகள் பை வைக்கும் அலமாரியில் இருந்த பவர் பேங்க் காரணமாக இருக்கலாம் என்று விசாரணையில் சந்தேகம் எழுந்தது. அதன் பிறகு கெடுபிடி கூடியது. சிங்கப்பூர் ஏர்லைன்ஸ் 2025 ஏப்ரலில் இருந்தும், எமிரேட்ஸ் 2025 அக்டோபரில் இருந்தும் விமானத்துக்குள் பவர் பேங்க் பயன்படுத்த தடை போட்டன.

100 வாட் அவர் வரை பவர் பேங்க் கொண்டு போகலாம். கடையில் விற்கும் 10 ஆயிரம், 20 ஆயிரம் எம்.ஏ.எச். எல்லாம் இதற்குள் அடங்கும். அளவு எழுதாத, எழுத்து அழிந்து போன பவர் பேங்கை பிடுங்கி வைக்க வாய்ப்பு அதிகம்.

கைப்பையில் கூடாதவை

வெளிநாட்டு விமானத்தில் திரவம் 100 மில்லி பாட்டிலுக்கு மேல் கூடாது. 2006 ஆகஸ்டில் லண்டனில் இருந்து கிளம்பும் விமானங்களை திரவ வெடிமருந்தால் தகர்க்க போட்ட சதி சிக்கியது. அதில் இருந்து வந்த விதி இது. 200 மில்லி பாட்டிலில் பாதி தான் எண்ணெய் இருக்கு என்று சொன்னாலும் விட மாட்டார்கள். பாட்டில் அளவு தான் கணக்கு. ஊறுகாய், நெய், தயிர், தேங்காய் எண்ணெய், பற்பசை எல்லாமே இதில் சேர்த்தி. குழந்தைக்கான பாலுக்கும், சீட்டோடு உள்ள மருந்துக்கும் விலக்கு உண்டு.

கத்தி, பிளேடு, கத்தரிக்கோல், ஸ்க்ரூடிரைவர், கட்டிங் பிளேயர் எல்லாம் பெரிய பெட்டியில் தான் போக வேண்டும். பிளம்பர், எலக்ட்ரீசியன் வேலைக்கு போகிறவர்கள் டூல்ஸ் பையை கையில் கொண்டு போகாதீர்கள். தீப்பெட்டி, லைட்டர், கொப்பரைத் தேங்காய் இரண்டு பெட்டியிலும் கூடாது. சபரிமலை பக்தர்கள் இருமுடித் தேங்காயை கையில் கொண்டு போகவே 2024 அக்டோபரில் தனியாக அனுமதி தர வேண்டி இருந்தது. அதுவும் 2025 ஜனவரி 20 வரை தான்.

கேட்டில் பையை கேட்டால்

விமானத்தில் அலமாரி நிறைந்து விட்டால், ஏறும் நேரத்தில் சிலரிடம் கைப்பையை வாங்கி டேக் போட்டு அடியில் அனுப்புவார்கள். அப்படி கேட்டால் சட்டென்று கொடுத்து விடாதீர்கள். பவர் பேங்க், பாஸ்போர்ட், பணம், நகை, மாத்திரை இவற்றை வெளியே எடுத்து விட்டு கொடுங்கள். இவை எல்லாவற்றையும் முன்கூட்டியே ஒரு சின்னப் பையில் போட்டு கைப்பைக்குள் மேலாக வைத்தால், ஒரே இழுப்பில் எடுத்து விடலாம்.

இடம் இருந்தாலும் வாங்காதீங்க

"உங்க பையில் ஒரு கிலோ இடம் இருக்கா? இந்த பார்சலை கொண்டு போய் கொடுங்க, அங்கே ஆள் வந்து வாங்கிக்குவாங்க" என்று யாராவது கேட்டால் வேண்டாம் என்று சொல்லி விடுங்கள். உள்ளே போதைப்பொருள் இருந்தால் பை யாருடையதோ அவர் தான் பதில் சொல்ல வேண்டும். வீட்டு மசாலாவில் போடும் கசகசாவுக்கே சிங்கப்பூரிலும் துபாயிலும் தடை உண்டு.

கிளம்பும் முன் இதை செய்யுங்க

எடை பார்க்க மெஷின் வாங்க வேண்டியதில்லை. தெருமுனை மளிகைக் கடையிலோ பழைய பேப்பர் கடையிலோ எலக்ட்ரானிக் தராசு இருக்கும். கட்டி முடித்த பையை அதில் வைத்துப் பாருங்கள். ஆள் நிற்கும் எடை மெஷின் இருந்தால் பையோடு ஒரு முறை, பை இல்லாமல் ஒரு முறை ஏறி கழித்து பாருங்கள். ஆறரை கிலோவோடு நிறுத்தினால் நிம்மதி. கனமான ஜீன்ஸையும் ஷூவையும் போட்டுக் கொண்டே போனால் ஒரு கிலோவுக்கு மேல் மிச்சம்.

வழியனுப்ப வந்த சொந்தக்காரர்களுக்கும் ஒரு வார்த்தை. உள்ளே போனதும் உடனே வேனை திருப்பாதீர்கள். 'கவுண்டர் வேலை முடிஞ்சுது' என்று போன் வரும் வரை காத்திருங்கள். எடை கூடினால், வாசலில் நிற்கும் பாதுகாப்பு வீரரிடம் கேட்டு கூடுதல் பொருளை உங்களிடமே கொடுத்து விடலாம். பாதுகாப்பு சோதனையை தாண்டிய பிறகு அதற்கு வழி இல்லை. அம்மா ஆசையாக போட்ட ஊறுகாய் குப்பைத் தொட்டிக்கு போகாமல் வீட்டுக்காவது திரும்பி வரும்.