அறியாமையைப் பயிலும் நெறி: லெ குவின் புனைந்த ஹந்தாரா மரபு

உர்சுலா கே. லெ குவின் 1969இல் வெளியிட்ட ‘தி லெஃப்ட் ஹேண்ட் ஆஃப் டார்க்னெஸ்’ புதினம், கெத்தன் என்னும் கற்பனைக் கோளில் ஹந்தாரா என்ற மெய்யியல் மரபைப் புனைகிறது. குருமாரோ கோட்பாட்டுத் தொகுப்போ அற்ற இம்மரபு அறியாமையைப் பயில்கிறது; எனினும் இதனைச் சார்ந்தோர் வருவதைப் பிழையின்றி உரைக்கின்றனர்.

இம்முரணுக்குக் கிளைக்கதை ஒன்று விளக்கமாகிறது. தாம் இறக்கும் நாளைக் கேட்ட பெரோஸ்டிக்கு மாதத்தின் 19ஆம் நாள் என்பது மட்டுமே விடையாகக் கிடைக்கிறது. மாதமும் ஆண்டும் கூறப்படவில்லை. அவர் எத்துணைக் காலம் வாழ்வார் என அவர்தம் அன்பர் ஹெர்போர் வினவ, ஹெர்போரினும் நெடிது வாழ்வார் என்கின்றனர். சினமுற்ற பெரோஸ்டி ஹெர்போரைக் கொல்கிறார். பின்னர் ஒரு 19ஆம் நாளில் தாமும் உயிர் துறக்கிறார்.

விடைகள் இரண்டும் மெய்யாயின, எவரையும் காக்கவில்லை. பிழையான வினாவிற்குப் பெறும் சரியான விடை பயனற்றது எனக் காட்டுவதே வருவதுரைத்தலின் நோக்கம். ஆகவே ஹந்தாரா கூறும் அறியாமை அறிவின் குறைவன்று. எதனை வினவலாகாது எனத் தெளிதலாகும்.