அடிக்காமலே பழக்கலாம் நாயை!

குட்டீஸ்! பள்ளி விட்டு வந்ததும் உங்கள் வீட்டு நாய் மேலே பாய்ந்து, வெள்ளைச் சட்டையில் மண் கால்தடம் பதிக்கிறதா? 'சீ, போ!' என்று கத்தினாலும் கேட்பதில்லையா? கேட்காது! நீங்கள் கத்துவதும், கையால் தள்ளுவதும் அதற்கு விளையாட்டாகவே தெரியும்.

'நாலு போட்டால் சரியாகிவிடும்' என்பார்கள் சிலர். அடி வாங்கும் நாய் பயத்தைத்தான் கற்றுக்கொள்ளும். பயந்த நாய் ஒருநாள் கடித்தும் விடலாம். பிறகு, 'கடிநாய்' என்று பெயர் சூட்டி, வீட்டை விட்டே விரட்டி விடுவார்கள். பாவம் இல்லையா?

இதற்கு நல்ல வழி, 'கிளிக்கர்' பயிற்சி. கிளிக்கர் என்பது உள்ளங்கையில் அடங்கும் சிறு பிளாஸ்டிக் பெட்டி. அழுத்தினால், உள்ளிருக்கும் உலோகத் தகடு 'டக்' என்று ஒலிக்கும்.

இம்முறைக்கு வித்திட்டவர், அமெரிக்க உளவியல் அறிஞர் பி.எஃப்.ஸ்கின்னர். எந்தச் செயலுக்கு நல்ல பலன் கிடைக்கிறதோ, அதையே விலங்குகள் மீண்டும் மீண்டும் செய்யும் என்று எலிகளையும், புறாக்களையும் வைத்து ஆராய்ந்து காட்டினார்.

1960களில் ஹவாயில், கேரன் பிரையர் என்ற பெண்மணி டால்பின்களைப் பழக்கினார். நீரில் நீந்தும் டால்பினைக் கயிறு கட்டி இழுக்க முடியுமா? அடிக்கத்தான் முடியுமா? எனவே, சரியாகச் செய்த நொடியில் ஒரு விசில். உடனே ஒரு மீன்! பின்னாளில் இதே முறையை நாய் வளர்ப்போரிடமும் பரப்பினார். விசிலுக்குப் பதில் கிளிக்கர். மீனுக்குப் பதில் தின்பண்டம்.

'தின்பண்டம் மட்டும் போதாதா? டக் எதற்கு?' என்று கேட்கிறீர்களா? நாய் உட்கார்ந்ததும், நீங்கள் பண்டத்தை எடுப்பதற்குள் அது எழுந்துவிடும். எழுந்ததற்குத்தான் பரிசு என்று நினைத்துக்கொள்ளும். 'டக்' ஒலியோ, உட்கார்ந்த அந்த நொடியையே சுட்டிக் காட்டிவிடும். சரியான விடைக்கு நேராக ஆசிரியர் போடும் 'டிக்' மாதிரி!

எப்படிப் பழக்குவது?

* முதலில், 'டக்' செய்து உடனே ஒரு துண்டு கொடுங்கள். பத்துப் பதினைந்து முறை செய்தால், 'டக் என்றால் பரிசு' என்று அதற்குப் புரிந்துவிடும். பட்டாணி அளவு வேகவைத்த முட்டைத் துண்டு போதும். சாக்லேட், திராட்சை, வெங்காயம் கூடவே கூடாது. அவை நாய்க்கு நஞ்சு.

* பண்டத்தை மூக்கருகே காட்டி, மெல்லத் தலைக்கு மேலே பின்பக்கமாக நகர்த்துங்கள். தலை உயரும், பின்புறம் தரையில் படியும். படிந்ததும் 'டக்', பிறகு பரிசு. நன்றாகப் பழகியபின், 'உட்கார்' என்ற சொல்லைச் சேருங்கள்.

* மேலே பாய்ந்தால், மரம் போல அசையாமல் நில்லுங்கள். பேச்சும் வேண்டாம், பார்வையும் வேண்டாம். நான்கு கால்களும் தரையில் பட்டதும் 'டக்'!

* ஒரு தடவைக்கு ஐந்து நிமிடம் போதும். காதருகே அழுத்தாதீர்கள். கிளிக்கர் இல்லாவிட்டால், பட்டன் பேனாவின் 'டக்' ஒலியே போதும்.

ஒன்றை மறக்காதீர்கள். பெரியவர்கள் உடனிருக்கும்போது, தடுப்பூசி போட்ட வீட்டு நாயிடம் மட்டுமே இதைச் செய்ய வேண்டும். தெரு நாயிடம் வேண்டாம். எந்த நாய் கடித்தாலும், பிராண்டினாலும், உடனே சோப்பு போட்டு, ஓடும் நீரில் 15 நிமிடம் கழுவி, அன்றே மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும்.

அடிக்குப் பயந்து அடங்கும் நாய், கம்பு இல்லாதபோது அடங்காது. அன்பால் பழகிய நாயோ, உங்கள் குரல் கேட்டதும் வாலாட்டி வந்து உட்காரும். இன்றே தொடங்குங்கள்!