மன்னரை மிஞ்சிய மந்திரி

பிரான்சு நாட்டின் வெர்சேல்ஸ் அரண்மனையைப் பற்றிக் கேள்விப்படாதவர்கள் குறைவு. ஆனால், அதற்கு முன்மாதிரியாக விளங்கிய மாளிகை ஒன்று உண்டு என்பது பலருக்குத் தெரியாது. அதைக் கட்டியவர் மன்னர் அல்ல; மன்னரின் நிதி மந்திரி.

மாளிகையின் புதுமெருகு மாறுவதற்குள் அவர் கைதானார். பதினெட்டரை ஆண்டுகள் சிறையில் கிடந்து, அங்கேயே உயிர்விட்டார். அவர் பெயர் நிக்கலஸ் பூக்கே.

அணில் ஏறிய உயரம்

பூக்கே 1615-ம் ஆண்டு பாரிஸ் நகரில், நீதித்துறையில் செல்வாக்குள்ள குடும்பத்தில் பிறந்தார். 'பூக்கே' என்றால் பிரான்சின் ஒரு வட்டாரப் பேச்சில் அணில் என்று பொருள். குடும்பச் சின்னமும் அணில்தான். 'இவன் ஏறாத உயரம் எது?' என்ற பொருளில் அதற்கு ஒரு லத்தீன் வாசகமும் உண்டு.

அணில் வேகமாகவே ஏறியது. 1650-ல் பாரிஸ் உயர் நீதிமன்றத்தில் அரசுத் தலைமை வக்கீல் பதவி. 1653-ல், இன்னொருவருடன் சேர்ந்து நிதி மந்திரி. 1659-ல் அந்தக் கூட்டாளி இறந்ததும் நிதித்துறை முழுவதும் இவர் கைக்கு வந்தது.

அப்போது கஜானா காலி. ஸ்பெயினுடன் நடந்த நீண்ட போர் அதை விழுங்கியிருந்தது. அரசாங்கத்தை நம்பிக் கடன் கொடுக்க யாரும் முன்வரவில்லை. பூக்கேயை நம்பிக் கொடுத்தார்கள். அவர் தம் பெயரில் கடன் வாங்கி அரசுக்குக் கொடுத்தார். வரிப்பணம் வந்ததும் வட்டியோடு எடுத்துக்கொண்டார். சர்க்கார் பணம் எது, சொந்தப் பணம் எது என்ற கோடு அழிந்துபோனது.

அவர் மட்டும் இப்படிச் செய்தார் என்று சொல்ல முடியாது. பிரதம மந்திரி மஜாரின் 1661-ல் இறந்தபோது, பிரான்சிலேயே மிகப் பெரிய தனிச் சொத்தை விட்டுச் சென்றார். அந்தச் சொத்தை நிர்வகித்தவர் கோல்பேர். இந்தக் கோல்பேர்தான் பூக்கேயின் கணக்குகளில் குற்றம் கண்டுபிடித்து மன்னரிடம் கொடுத்தார்!

கலைஞர்களின் வள்ளல்

பணம் வந்த வழியே தாராளமாகச் செலவாயிற்று. நாடக மேதை கார்னேயை மீண்டும் எழுதவைத்தவர் பூக்கே. கவிஞர் லா போன்டேனுக்கு உதவித்தொகை தந்தார். அதற்கு ஈடாக அவர் கேட்டது, மூன்று மாதத்துக்கு ஒருமுறை சில கவிதைகள் மட்டுமே.

பாரிசுக்குத் தென்கிழக்கே, வோ என்ற இடத்தில் மாளிகை எழும்பியது. கட்டடத்துக்கு லெ வோ, ஓவியத்துக்கு லெ பிரன், தோட்டத்துக்கு லெ நோத்ரு என்று மூன்று வல்லவர்களையும் ஒரே இடத்தில் வேலை செய்ய வைத்தார் பூக்கே.

1661 ஆகஸ்டு 17-ந் தேதி, மன்னர் 14-ம் லூயிக்கு அங்கே விருந்து. நீரூற்றுகள், வாணவேடிக்கை, மோலியரின் புது நாடகம். பதினைந்தே நாளில் எழுதி, ஒத்திகை பார்த்து அரங்கேற்றிய நாடகம் அது. மன்னருக்கு வயது 22. அவருடைய அரண்மனைகளில்கூட இப்படி ஒரு காட்சி கிடையாது.

விருந்தைக் கண்ட பொறாமையால்தான் மன்னர் மந்திரியைச் சிறையில் தள்ளினார் என்று காலங்காலமாகக் கதை உண்டு. உண்மை வேறு. பூக்கேயை ஒழிப்பது என்ற முடிவு பல வாரங்களுக்கு முன்பே எடுக்கப்பட்டுவிட்டது. அரசுத் தலைமை வக்கீலாக இருப்பவரை உயர் நீதிமன்றம்தான் விசாரிக்க முடியும். அந்தக் காலத்தில் பதவிகளை விலைக்கு விற்கலாம். அந்தப் பதவியை விற்றுவிடும்படி பூக்கேயை நயமாகத் தூண்டினார்கள். அவரும் விற்றார். கவசத்தைத் தாமே கழற்றிக் கொடுத்ததுபோல ஆயிற்று.

செப்டம்பர் 5-ந் தேதி, மன்னரின் பிறந்த நாளன்று, நான்ட் நகரில் பூக்கே கைது செய்யப்பட்டார். கைது செய்தவர், பிற்காலத்தில் நாவல்களின் மூலம் உலகப் புகழ் பெற்ற படைவீரர் டார்டானியன்.

வளையாத நீதிபதி

வழக்கு மூன்று ஆண்டுகள் இழுத்தது. சாதாரண நீதிமன்றத்தில் அல்ல. இதற்கென்றே அமைக்கப்பட்ட தனி மன்றத்தில். குற்றச்சாட்டுகள் இரண்டு: பணக் கையாடல், ராஜத்துரோகம். தாம் கைதானால் தம் ஆட்கள் என்ன செய்ய வேண்டும் என்று பூக்கே எழுதிவைத்திருந்த திட்டம், அவர் வீட்டில் கண்ணாடிக்குப் பின்னால் அகப்பட்டிருந்தது.

பூக்கே கலங்கவில்லை. தாமே வாதாடினார். மஜாரின் உத்தரவுப்படிதான் எல்லாம் நடந்தது என்றார். கணக்கைக் கூட்டிப் பார்த்தால், அவருடைய சொத்துக்கு ஏறக்குறையச் சமமாகக் கடனும் இருந்தது.

வழக்கைத் தொகுத்து மன்றத்தின் முன்வைக்கும் பொறுப்பு நீதிபதி டார்மேசனுடையது. அவரை வளைக்க, அவருடைய வயதான தந்தையிடம் கோல்பேரே நேரில் போய்ப் பேசினார். டார்மேசன் வளையவில்லை. 'மரண தண்டனைக்கு இடமில்லை. நாடு கடத்தலாம்' என்றார். 1664 டிசம்பரில் 22 நீதிபதிகளில் 13 பேர் அவர் பக்கம் நின்றார்கள். மரண தண்டனை கேட்டவர்கள் 9 பேர்தான்.

வழக்கமாக மன்னர் தண்டனையைக் குறைப்பார். லூயியோ கூட்டினார். நாடு கடத்தல் ஆயுள் சிறையாக மாறியது. டார்மேசனுக்கு அதன்பின் உயர்வே கிடையாது.

விசாரணை நடந்த நாட்களில் அரசி நோயுற்றிருந்தார். பூக்கேயின் தாயார் கைவைத்தியம் தெரிந்தவர். அவர் அனுப்பிய மருந்துப் பற்று அரசிக்குக் குணம் தந்தது. மகனுக்காக அந்தத் தாய் கெஞ்சினார். மன்னர் மனம் இளகவில்லை.

ஆல்ப்ஸ் மலைப்பகுதியில் உள்ள பினெரோல் கோட்டையில் பூக்கே அடைக்கப்பட்டார். 'இரும்பு முகமூடிக் கைதி' என்று கதைகளில் வருபவரும் அதே கோட்டையில்தான் இருந்தார். சில காலம் பூக்கேக்குப் பணிவிடையும் செய்தார். மனைவி மக்களைப் பார்க்க 1679-ல்தான் அனுமதி கிடைத்தது. 1680 மார்ச் 23-ந் தேதி பூக்கே இறந்தார்.

எஞ்சியது என்ன?

லெ வோ, லெ பிரன், லெ நோத்ரு மூவரையும் மன்னர் வெர்சேல்சுக்கு அழைத்துக்கொண்டார். வோ தோட்டத்து ஆரஞ்சு மரங்களும் அங்கே போய்ச் சேர்ந்தன. பூக்கேயின் அதிகாரம் கோல்பேருக்குப் போனது. 1664-ல் பிரெஞ்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியை நிறுவியவர் இந்தக் கோல்பேர்தான். பத்தே ஆண்டில், 1674-ல், அந்தக் கம்பெனி நம் புதுச்சேரியில் கால் ஊன்றியது.

சோறு போட்டவர் சிறைக்குப் போனதும் பலர் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். கவிஞர் லா போன்டேன் மட்டும் மன்னரின் கோபத்துக்கு அஞ்சாமல், பூக்கேக்காக இரக்கம் வேண்டிக் கவிதை எழுதினார். காரியதரிசி பெலிசோன், தாமே சிறையில் இருந்துகொண்டு எஜமானருக்காக வாதங்களை எழுதி வெளியே அனுப்பினார்.

பூக்கே சேர்த்த பணம் ஒன்றும் நிற்கவில்லை. அணில் சின்னம் பொறித்த வோ மாளிகை மட்டும் இன்றும் நிற்கிறது. 1968 முதல் பொதுமக்கள் போய்ப் பார்த்து வருகிறார்கள்.