தெரிந்த வழி கண்ணை மறைக்கும்

முதலில் ஒரு கணக்கு. தாளும் பேனாவும் எடுத்துக்கொள்ளுங்கள். உங்களிடம் மூன்று வாளிகள் இருக்கின்றன. அவற்றில் 21, 127, 3 லிட்டர் பிடிக்கும். (127 லிட்டர் பிடிக்கும் வாளியைத் தூக்கிய பால்மரத் தொழிலாளி எந்தத் தோட்டத்திலும் இருந்ததில்லை. கணக்குக்காகப் பொறுத்துக்கொள்ளுங்கள்.) சரியாக 100 லிட்டர் தண்ணீர் வேண்டும். என்ன செய்வீர்கள்?

பெரிய வாளியை நிரப்பி, அதிலிருந்து 21 லிட்டர் வாளிக்கு ஒரு முறையும் 3 லிட்டர் வாளிக்கு இரு முறையும் ஊற்றினால் மீதி 100. இதே வழியில் தீரும் கணக்குகளை வரிசையாகக் கொடுத்துவிட்டு, என் படிவம் இரண்டு மாணவர்களிடம் இன்னொன்றைக் கேட்டேன். வாளிகள் 23, 49, 3. வேண்டியது 20 லிட்டர். பெரும்பாலோர் 49இல் 23ஐக் கழித்து, பிறகு 3ஐ இரண்டு முறை கழித்தார்கள். விடை சரிதான். ஆனால் 23இல் 3ஐக் கழித்தாலே போதுமே!

இந்தச் சோதனையை ஆபிரகாம் லூச்சின்ஸ் என்ற உளவியலாளர் 1942இல் வெளியிட்டார். பழகிய வழி வேறு வழியை மறைப்பதற்கு 'ஐன்ஸ்டெல்லுங் விளைவு' என்று பெயர். ஜெர்மன் சொல் அது. ஐன்ஸ்டைனுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. ஆண்டுதோறும் ஒரு மாணவராவது கேட்டுவிடுகிறார்.

சதுரங்கத்தில் இது இன்னும் தெளிவாகத் தெரியும். 2008இல் பிலாலிச், மெக்லாட், கோபே ஆகிய மூவர் தேர்ந்த ஆட்டக்காரர்களிடம் ஒரு காய்நிலையைக் கொடுத்து, மிகக் குறுகிய வெற்றியைக் கண்டுபிடிக்கச் சொன்னார்கள். அதில் எல்லாருக்கும் தெரிந்த ஐந்து நகர்த்தல் வெற்றி ஒன்று இருந்தது. தன் காய்களாலேயே அடைபட்ட ராஜாவைக் குதிரை மடக்கும் வழி. மூன்றே நகர்த்தலில் முடியும் இன்னொரு வழியும் இருந்தது. தெரிந்த வழியைக் கண்டவர்கள், "இதைவிடக் குறுகிய வழியைத் தேடிக்கொண்டிருக்கிறோம்" என்றார்கள். கண்ணசைவைப் பதிவு செய்த கருவியோ வேறு கதை சொன்னது. அவர்களின் பார்வை பழைய வழிக்குரிய கட்டங்களுக்கே திரும்பத் திரும்பப் போய்க்கொண்டிருந்தது. அவர்கள் பொய் சொல்லவில்லை, தேடுவதாகவே நம்பினார்கள். காய்நிலையைச் சற்று மாற்றித் தெரிந்த வழியை அடைத்ததும், அதே தரத்திலுள்ளவர்கள் குறுகிய வழியைக் கண்டுபிடித்தார்கள்.

உலகச் சாம்பியன் நிலையிலும் கண் ஏமாறும். 2014 நவம்பரில் ரஷ்யாவின் சோச்சி நகரில், நம் விஸ்வநாதன் ஆனந்தும் மேக்னஸ் கார்ல்சனும் மோதிய ஆறாவது ஆட்டம். 26ஆவது நகர்த்தலில் கார்ல்சன் ராஜாவைத் தவறான கட்டத்தில் வைத்தார். ஆனந்த் குதிரையால் ஒரு சிப்பாயை வெட்டியிருந்தால் ஆட்டமே அவர் பக்கம் சாய்ந்திருக்கும். அவரோ ஓரத்துச் சிப்பாயை ஒரு கட்டம் முன்னே தள்ளினார். கார்ல்சன் வென்றார். பரிசை எதிர்பார்க்காதபோது அதை எடுக்கத் தோன்றாது என்ற பொருளில் ஆனந்த் பிறகு பேசினார். இதையும் ஆய்வகச் சோதனையையும் அப்படியே ஒன்றென்று நான் சொல்லமாட்டேன். ஆனாலும் 'எதிராளி இங்கே தவறமாட்டார்' என்ற எண்ணமும் ஒரு பழகிய வழிதானே?

இதுவரை சொன்னதில் அகந்தை எதுவும் இல்லை. அது நுழைந்தால் என்ன ஆகும் என்பதற்கு நானே சாட்சி.

சுங்கை பட்டாணியில் நடந்த ஒரு போட்டியில் எங்கள் மாணவன் தோற்றான். "என் திட்டம் சரிதான் சார், அவனுக்கு லக்கு" என்றான். நானும் தலையாட்டினேன். திட்டத்தைக் கற்றுக்கொடுத்தவன் நான்தானே. பக்கத்தில் நின்ற படிவம் ஒன்று மாணவி, தோட்டத்திலிருந்து பேருந்தில் வரும் பிள்ளை, அதிகம் பேசமாட்டாள். பலகையில் ஒரு கட்டத்தைத் தொட்டு, "சார், அவங்க குதிரைய இங்க வச்சா?" என்றாள்.

"வைக்கமாட்டாங்கம்மா" என்று காய்களை அள்ளிப் பெட்டியில் போட்டேன்.

மறுநாள் காலை, சபைகூடலுக்கு முன் தனியாக அடுக்கிப் பார்த்தேன். குதிரை அங்கே வந்தால் ராஜாவுக்கும் ராணிக்கும் ஒரே நேரத்தில் அடி. எங்கள் ராணி போயே போய்விடும். அன்று மாலை கழகத்தில் எல்லார் முன்பும் அதைச் சொன்னேன். அந்தப் பெண் அடுத்த இரண்டு வாரம் வாயே திறக்கவில்லை. என் விளக்கத்தைவிட, காய்களை அள்ளிப் போட்டதுதான் அவள் மனத்தில் தங்கியிருந்தது.

டப்ளினில் மிஷெல் கௌலியும் ரூத் பைர்னும் 2004இல் வெளியிட்ட ஆய்வு இதைத்தான் பேசுகிறது. தேர்ந்த ஆட்டக்காரர்கள் தங்கள் நகர்த்தலைக் கெடுக்கக்கூடிய பதிலைத் தேடுகிறார்கள். புதியவர்களோ, எதிராளி தங்களுக்கு வசதியாகவே ஆடுவார் என்று எண்ணிக்கொள்கிறார்கள். என் "வைக்கமாட்டாங்கம்மா" எந்த வகை என்று சொல்லவேண்டியதில்லை.

இப்போது பயிற்சியில் ஒரு விதி வைத்திருக்கிறோம். ஆட்டத்தின் நடுவில் யாராவது "திருப்பு" என்றால், பலகையைத் திருப்பிவிடவேண்டும். அதுவரை நீங்கள் எதிர்த்த காய்கள் இனி உங்களுடையவை. பூப்பந்து அணியின் ஆசிரியர் இதைக் கேட்டுச் சிரித்தார். மைதானத்தைத் திருப்ப முடியாதே என்றார். போன வாரம் நான் வெல்லப்போகிற நேரம் பார்த்து அந்த மாணவி "திருப்பு" என்றாள். ஒன்பது நகர்த்தலில் என்னைத் தோற்கடித்தாள், குதிரையால்.