சீல் உடைக்காத நொதி

ஞாயிற்றுக்கிழமை மதியம் குடல் குழம்பு சாப்பிட்டவர்கள் கை கழுவும்போது ஒரு கேள்வியைக் கேட்டுக்கொள்ளலாம். ஆட்டுக் குடலைக் கரைத்துவிடும் நம் வயிறு தன்னையே ஏன் கரைத்துக்கொள்வதில்லை? அதுவும் தசை, இதுவும் தசை. அது வெந்தது, இது வேகாதது என்று சொல்லித் தப்பிக்கவும் முடியாது. பச்சை முட்டையைக் குடித்தாலும் ஓரளவு செரிக்கத்தானே செய்கிறது?

சளிப்படலம் காக்கிறது என்று பள்ளியில் படித்த பதில் பாதி சரி. இரைப்பையின் உட்சுவருக்கும் குடலின் உட்சுவருக்கும் அது காவல். ஆனால் செரிமான நொதியைத் தயாரிக்கும் செல்லுக்குள் எந்தச் சளிப்படலமும் கிடையாது. புரதத்தைத் துண்டு துண்டாக நறுக்கும் சரக்கை, பெரும்பாலும் புரதத்தாலேயே ஆன ஒரு தொழிற்சாலை தினமும் தயாரித்து, பொட்டலம் கட்டி, சாப்பாட்டு நேரம் வரை கிடங்கில் வைத்திருக்கிறது. அந்தக் கிடங்கு எப்படி மிஞ்சுகிறது?

பதில் ஒரு சொல்லில் இருக்கிறது: சைமோஜன். வேலை செய்யாத வடிவில் தயாராகி, உரிய இடத்துக்குப் போன பிறகு வெட்டுப்பட்டு வேலைக்கு வரும் நொதிக்கு இந்தப் பெயர். பிளஸ் ஒன் உயிரியல் படித்தவர்களுக்கு பெப்சினோஜன், டிரிப்சினோஜன் என்ற தனித்தனிப் பெயர்கள் நினைவிருக்கும். இரண்டு மதிப்பெண் கேள்விக்காக மனப்பாடம் செய்திருப்போம். அவை சேர்ந்த குடும்பத்தின் பெயர்தான் ஆய்வகத்தைத் தாண்டி அதிகம் புழங்குவதில்லை.

சொல்லின் பிறப்பிலேயே ஒரு வேடிக்கை உண்டு. 1875இல் ப்ரெஸ்லாவ் நகரில் (இன்று போலந்தின் விராட்ஸ்வாஃப்) உடலியல் பேராசிரியராக இருந்த ருடால்ஃப் ஹைடன்ஹைன் கணையத்தை ஆராய்ந்துகொண்டிருந்தார். புதிதாக எடுத்த கணையத்தின் சாறு புரதத்தைக் கரைக்கவில்லை. கொஞ்ச நேரம் வெளியே கிடந்த கணையத்தின் சாறோ நன்றாகக் கரைத்தது. செத்துக் கிடக்கும் உறுப்புக்குப் புதிதாக எங்கிருந்து சக்தி வந்தது? நுண்ணோக்கியில் பார்த்தபோது கணையச் செல்களுக்குள் மணிமணியாகத் துகள்கள் தெரிந்தன. செரிமானம் நடக்கும்போது அவை குறைந்தன, ஓய்வில் மறுபடி நிரம்பின. செல்லுக்குள் இருப்பது நொதி அல்ல, நொதியைப் பிறப்பிக்கப்போகும் ஏதோ ஒன்று என்று முடிவு செய்து அதற்கு சைமோஜன் என்று பெயரிட்டார். அப்போது என்சைம் என்ற சொல்லே கிடையாது. ஹைடெல்பெர்க்கில் வில்ஹெல்ம் கியூனே அதை உருவாக்கியது அதற்கடுத்த ஓரிரு ஆண்டுகளில்தான். பிள்ளைக்குப் பெயர் வைக்கும் முன்பே தாய்க்குப் பெயர் வந்துவிட்டது.

இரண்டு சொல்லுக்கும் வேர் ஒன்றே. கிரேக்க மொழியில் சைமே என்றால் மாவைப் புளிக்கவைக்கும் உறைமா. தமிழில் நொதி என்ற கலைச்சொல்லை ஆக்கியவர்களும் அதே அடுப்படியில்தான் நின்றிருக்கிறார்கள். மாவு நொதிப்பதிலிருந்து வந்தது நொதி. இலங்கைத் தமிழில் நொதியம் என்பார்கள். அப்படியானால் சைமோஜனை முன்நொதி என்று சொல்லிவிடலாம். புரிகிறது, நாக்கிலும் சிக்கவில்லை. எனக்கு அது போதும்.

இந்த முன்நொதி எப்படி நொதியாகிறது? வீட்டுக்கு வரும் கேஸ் சிலிண்டரை நினைத்துக்கொள்ளுங்கள். உள்ளே சரக்கு முழுதாக இருக்கிறது, வாயில் மூடியும் சீலும். சீலை அறுத்தால்தான் அடுப்பில் மாட்டலாம். அறுத்ததை மறுபடி ஒட்ட முடியாது. கைமோடிரிப்சினோஜன் 245 அமினோ அமிலங்கள் கோத்த சங்கிலி. அதில் 15ஆவதற்கும் 16ஆவதற்கும் நடுவே ஒரு வெட்டு விழுகிறது. அவ்வளவுதான். வெட்டுப்பட்டுப் புதிதாக வெளிப்பட்ட 16ஆவதன் முனை உள்பக்கம் திரும்பி, சங்கிலியின் இன்னோர் இடத்தைப் பற்றிக்கொள்கிறது. அந்தப் பிடியில்தான், அதுவரை சரியாக உருவாகாமல் இருந்த குழி உருவாகிறது. உணவுப் புரதம் வந்து பொருந்தி அறுபடும் இடம் அந்தக் குழிதான். இரைப்பையின் பெப்சினோஜனுக்கு வெட்டுவதற்கு வேறு ஆள்கூடத் தேவையில்லை. அமிலம் பட்டதும் தன் மூடியைத் தானே அறுத்துக்கொள்கிறது.

டிரிப்சினோஜன் கதை இன்னும் அழகு. மனிதரிடம் அதன் மூடி வெறும் 8 அமினோ அமிலம். அதை வெட்டும் கத்தி கணையத்தில் இல்லை, முன்சிறுகுடலின் சுவரில் இருக்கிறது. 1899இல் ரஷ்யாவில் பாவ்லவின் ஆய்வகத்தில் கண்டுபிடித்தார்கள், பெயர் என்டிரோகைனேஸ். ஆம், நாயும் மணியும் என்று நாம் அறிந்த அதே பாவ்லவ். அவருக்கு 1904இல் நோபல் பரிசு கிடைத்தது செரிமான ஆராய்ச்சிக்குத்தான். சரக்கு ஓரிடத்தில், சாவி வேறிடத்தில். கணையத்திலிருந்து குழாய் வழியே குடலுக்கு வந்து சேர்ந்த பிறகுதான் முதல் டிரிப்சின் பிறக்கிறது. பிறகு அந்த டிரிப்சினே மற்ற முன்நொதிகளையெல்லாம் திறந்துவிடுகிறது.

சாவியே தேவையில்லாமல் கிடங்குக்குள் ஒன்றிரண்டு டிரிப்சின் தவறித் திறந்துகொண்டால்? அதற்கும் ஏற்பாடு உண்டு. டிரிப்சினின் வாயை அடைக்கும் ஸ்பிங்க்1 என்ற சிறு புரதத்தைக் கணையம் கூடவே வைத்து அனுப்புகிறது. (பச்சைச் சோயா பயறிலும் இதே வேலை செய்யும் புரதங்கள் உண்டு, வேகவைத்தால் சக்தி இழக்கும். பயறை வேகவைத்துத் தின்னும் பழக்கத்தில் இருக்கும் விவேகங்களில் இதுவும் ஒன்று.) அந்தக் காவலையும் மீறி நிறைய டிரிப்சின் கிளம்பிவிட்டால் கணையம் தன்னையே செரிக்கத் தொடங்கும். பித்தப்பைக் கல்லும் மதுவும் இதற்குப் பெரிய காரணங்கள். மேல்வயிற்றில் தொடங்கி முதுகுக்கு ஊடுருவும் அந்த வலியை அனுபவித்தவர்கள் மறக்க மாட்டார்கள். கணையம் தன்னைத் தானே செரிப்பதே இந்த நோய் என்று ஹான்ஸ் கியாரி 1896லேயே சொல்லிவிட்டார். சரியாக நூறு ஆண்டு கழித்து, 1996இல், பரம்பரையாக இந்த நோய் வரும் குடும்பங்களில் டிரிப்சினோஜன் மரபணுவிலேயே ஒற்றை எழுத்துப் பிழை இருப்பதை அமெரிக்காவில் டேவிட் விட்கோம்ப் குழு கண்டது. தென்னிந்தியாவில், குறிப்பாகக் கேரளத்திலும் தமிழ்நாட்டிலும், குடிப்பழக்கமே இல்லாத இளம் வயதினருக்கு வரும் கணைய நோய் ஒன்றுண்டு. அந்த நோயாளிகளில் கணிசமானவர்களுக்கு ஸ்பிங்க்1 மரபணுவில் மாற்றம் தெரிந்தது.

இந்த இடத்தில் சொல்லைப் பயன்படுத்துவதில் ஓர் எச்சரிக்கை. கணைய நொதி எல்லாம் முன்நொதியாகப் பிறப்பதில்லை. வயிற்றுவலியோடு போனால் ரத்தத்தில் பார்க்கச் சொல்லும் அமைலேஸ் தொடக்கத்திலிருந்தே திறந்த நிலையில்தான் இருக்கிறது. அது மாவுச்சத்தைத் தின்பது. செல்லின் சுவரும் தூணும் மாவுச்சத்தால் ஆனவை அல்ல. புரதத்தை அறுப்பவற்றுக்கும் செல் சவ்வை அரிக்கும் பாஸ்போலிப்பேஸுக்கும்தான் சீல் வைக்கப்படுகிறது.

அதேபோல் ஜன் என்று முடிவதெல்லாம் சைமோஜன் ஆகிவிடாது. கிளைக்கோஜன் சர்க்கரையின் சேமிப்பு. கொலாஜன் தோலையும் எலும்பையும் கட்டும் நார். ஃபைப்ரினோஜன்தான் நிறையப் பேரை ஏமாற்றும்: வெட்டுப்பட்ட பிறகே வேலைக்கு வருகிறது, பெயரும் பொருந்துகிறது. ஆனால் அதிலிருந்து வரும் ஃபைப்ரின் நொதி அல்ல, ரத்தக் கட்டியின் வலை நூல். இன்சுலினின் முன்வடிவமும் வெட்டுப்பட்டே இன்சுலினாகிறது. அது ஹார்மோன், ஆகவே சைமோஜன் கணக்கில் வராது. வெட்டிய பிறகு கிடைப்பது இன்னொன்றின் மேல் வேதிவேலை செய்யும் நொதிதானா என்று கேளுங்கள். ஆமென்றால் மட்டும் அந்தச் சொல்லைப் பயன்படுத்தலாம்.

வயிற்றைத் தாண்டினால் இந்தச் சொல் அதிகம் புழங்குவது ரத்தத்தில். உறைதலுக்கான காரணிகளில் பெரும்பாலானவை முன்நொதிகள். சும்மா சுற்றிவருகின்றன. காயம் பட்டதும் ஒன்று திறந்து அடுத்ததை வெட்ட, அது அதற்கடுத்ததை வெட்ட, 10ஆம் காரணி திறந்து புரோத்ராம்பினை வெட்டி த்ராம்பின் ஆக்க, த்ராம்பின் ஃபைப்ரினோஜனை நூலாக்குகிறது. 1964இல் இங்கிலாந்தில் மாக்ஃபார்லேனும், அமெரிக்காவில் டேவி, ரட்னாஃப் இருவரும் ஒரே ஆண்டில் இந்த அருவி வரிசையை எழுதினார்கள். ஒவ்வொரு படியிலும் ஒன்று பலவாகப் பெருகுவதால், தொடக்கத்தில் சிறு தூண்டல் போதும். கட்டியைக் கரைக்கவும் முன்நொதி உண்டு, பிளாஸ்மினோஜன். மாரடைப்போடு வருபவருக்குப் பல அரசு மருத்துவமனைகளில் ஏற்றும் ஸ்ட்ரெப்டோகைனேஸ் அதைத்தான் எழுப்புகிறது. வெட்டிக்கூட அல்ல, ஒட்டிக்கொண்டே. பாக்டீரியாவிடமிருந்து கிடைத்த கள்ளச்சாவி அது.

கள்ளச்சாவியில் கைதேர்ந்தவை விரியன்கள். கண்ணாடி விரியனின் விஷம் 10ஆம் காரணியை நேரடியாகத் திறக்கிறது. சுருட்டை விரியனின் விஷம் இன்னும் கீழே இறங்கி புரோத்ராம்பினையே திறக்கிறது. காயமே இல்லாத இடங்களிலெல்லாம் உறைதல் தொடங்கி, இருந்த காரணிகளும் ஃபைப்ரினோஜனும் செலவாகித் தீர்ந்துவிடுகின்றன. பிறகு ஈறிலும் சிறுநீரிலும் ரத்தம் கசிந்தால் நிறுத்த ஆளில்லை. உறையவைத்தே உறையாமல் செய்யும் தந்திரம். இதே குணத்தை மாக்ஃபார்லேன் 1934லேயே மருந்தாக்கிப் பார்த்தார்: மிக நீர்த்த கண்ணாடி விரியன் விஷத்தை, ரத்தம் நிற்காத ஹீமோபீலியா நோயாளியின் காயத்தின் மேல் வைத்தார். இன்றும் ரத்தப் பரிசோதனைக் கூடங்களில் நீர்த்த விரியன் விஷத்தை வைத்துச் செய்யும் ஒரு சோதனை உண்டு. அடுத்தடுத்துக் கருச்சிதைவு ஏற்படும் பெண்களிடம் காரணம் தேடும்போது அதைச் செய்கிறார்கள்.

நம் ஊரில் பாம்புக்கடி விஷமுறி மருந்துக்கு வேண்டிய விஷத்தை எடுத்துக் கொடுப்பது மாமல்லபுரம் போகும் வழியில் வடநெம்மேலியில் இருக்கும் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம். 1978இல் தொடங்கியது. கடிபட்டவரிடம் மருத்துவர் செய்யும் முதல் சோதனைக்குப் பெரிய இயந்திரம் எதுவும் வேண்டாம். சுத்தமான, உலர்ந்த கண்ணாடிக் குழாயில் இரண்டு மில்லி ரத்தம், அசைக்காமல் 20 நிமிடம், பிறகு ஒருமுறை சாய்த்துப் பார்ப்பது. ஓடினால் முன்நொதிகள் சூறையாடப்பட்டிருக்கின்றன என்று அர்த்தம்.

விஷமுறி மருந்து விஷத்தைப் பிடித்துக் கட்டிவிடும். அறுந்துபோன சீலை அது ஒட்டாது. தீர்ந்த காரணிகளைக் கல்லீரல் புதிதாகத் தயாரித்தாக வேண்டும், அதற்கு ஆறு மணி நேரம்போல் ஆகும். அதனால்தான் மருந்து ஏற்றிய ஆறு மணி நேரம் கழித்து அதே குழாயோடு செவிலியர் மறுபடி வருகிறார். முதல் பாட்டில் ஏறியதும் நோயாளி எழுந்து உட்கார்ந்துவிட்டார் என்று வீட்டுக்கு அழைத்துப்போகக் கேட்காதீர்கள். அந்தக் குழாயில் ரத்தம் உறையும் வரை, மருத்துவர் போகலாம் என்று சொல்லும் வரை, காத்திருங்கள்.