16 மணி நேரக் கவலை!
குத்துச்சண்டை வீரரைப் படம் பிடித்த இளைஞர்

குத்துச்சண்டை சில நிமிடங்களில் முடிந்துவிடும். ஆனால், அதற்காகக் காத்திருப்பது எவ்வளவு வேதனை தெரியுமா?

அதைச் சினிமாவாக எடுத்தார், அமெரிக்க இளைஞர் ஸ்டான்லி கூப்ரிக். "லுக்" பத்திரிகையின் புகைப்படக்காரர். வயது 21.

நியூயார்க்கில் வசித்த குத்துச்சண்டை வீரர் வால்டர் கார்டியரை, பத்திரிகைக்காக அவர் படம் எடுத்திருந்தார். பிறகு, அவரையே வைத்துச் சொந்தமாகச் செய்திப் படம் எடுத்தார்.

இரட்டையர்

1950 ஏப்ரல் 17-ந் தேதி இரவு 10 மணிக்குச் சண்டை. படமோ காலை 6 மணிக்கே தொடங்குகிறது!

வால்டருக்குத் துணையாக, அவருடன் இரட்டையராகப் பிறந்த வின்சென்ட் வந்திருக்கிறார். இருவருக்கும் ஒரே முகம். வின்சென்ட் ஒரு வக்கீல்.

இருவரும் மாதா கோவிலுக்குப் போகிறார்கள். டாக்டர் பரிசோதனை நடக்கிறது. ஓட்டலில் சாப்பாடு. பொழுது நகரவே இல்லை.

கண்ணாடி முன்

வால்டர் கண்ணாடி முன் நிற்கிறார். மூக்கைத் தொட்டுப் பார்க்கிறார். நாளைக்கும் இந்த முகம் இப்படியே இருக்குமா?

ஒரே முகம் படைத்த இருவரில் ஒருவர் கோர்ட்டில் வாதாடுகிறார். மற்றவர் அதே முகத்தில் குத்து வாங்குகிறார்!

இரவு, நியூவார்க் நகரில் வால்டர் மேடை ஏறினார். பாபி ஜேம்ஸ் என்ற வீரரை "நாக்-அவுட்" செய்து வென்றார். சண்டை சீக்கிரமே முடிந்துவிட்டது.

லாபம் 100 டாலர்

படத்துக்குச் செலவு 3,900 டாலர். ஆர்.கே.ஓ. கம்பெனி அதை 4,000 டாலருக்கு வாங்கியது. லாபம் 100 டாலர்தான்!

"டே ஆப் தி பைட்" (சண்டை நாள்) என்ற அந்தப் படம் 1951-ல் வெளிவந்தது. ஓடும் நேரம் சுமார் 16 நிமிடம்.

கூப்ரிக் பின்னர் உலகப் புகழ் பெற்ற டைரக்டர் ஆனார். அவருடைய முதல் படம் இதுதான்.

வீரரின் வெற்றியை ஊரே பார்த்தது. அவருடைய கவலையை அந்தக் காமிரா பார்த்தது.